குருதிக்கு விலை

கட்டைவிரலை வெட்டியவன் 20 ஷில்லிங்கு தரவேண்டும். காதை அறுத்தவன் 12. கண்ணைப் பறித்தவன் 50. முன்பல் ஒன்றைத் தட்டியவன் 6.

சந்தைக்கடை விலைப்பட்டியல் அன்று, தோழர்களே, சட்டம்! கி.பி. 600-ஐ ஒட்டி, இங்கிலாந்தின் கெண்ட் பகுதியை ஆண்ட ஈத்தல்பெர்ட் மன்னன் வகுத்த சட்டம். ஆங்கில மொழியில் எழுதப்பட்டு நமக்குக் கிடைத்திருக்கும் சட்டங்களுள் மிகப் பழையது அதுவே. அடிபட்டவனுக்கோ மாண்டவனின் சுற்றத்துக்கோ பணத்தை எண்ணி வைத்துவிட்டால் போதும்; பகை தீர்ந்தது, பேச்சு முடிந்தது. பின்னாளில் வெசெக்சு நாட்டுச் சட்டம் உயிருக்கும் வகைவகையாய் விலை கட்டிற்று. உழுது பிழைக்கும் சாமானியனின் உயிர் 200 ஷில்லிங்கு. உயர்குடிப் பிரபுவின் உயிர் 1,200 ஷில்லிங்கு. ஆறு உழவர் செத்தால்தான் ஒரு பிரபு செத்ததற்கு ஈடு! ஏரைப் பிடித்தவன் உயிர் மலிவு, ஏறி மிதித்தவன் உயிர் அருமை.

இதைக் கேட்டதும், "பார்த்தீரா, பரங்கியனின் காட்டுமிராண்டிக் காலத்தை! நம் தேசமோ தருமம் தழைத்த புண்ணிய பூமி" என்று மீசை முறுக்கும் நண்பர்கள் சிலர் உண்டு. அவர்களைச் சற்றே ஆபஸ்தம்ப தர்மசூத்திரம் பக்கம் அழைத்துச் செல்ல விரும்புகிறோம். சத்திரியனைக் கொன்றவன், பகை தீர்க்க 1,000 பசுக்கள் தரவேண்டும். வைசியனைக் கொன்றவன் 100 பசுக்கள். சூத்திரனைக் கொன்றவன் 10 பசுக்கள். ஒவ்வொன்றுக்கும் மேற்கொண்டு ஒரு காளை. பௌதாயனரும் இதே கணக்கைச் சொல்லி, பசுக்களை அரசனிடம் ஒப்படைக்கச் சொல்கிறார். ஆயிரம், நூறு, பத்து. அடேயப்பா, எத்துணை ஒழுங்கான எண்கணிதம்! பள்ளியில் பின்னம் கற்பிக்கும் நாம் இதைவிடத் தெளிவான எடுத்துக்காட்டைத் தேடிப் பிடிக்கமுடியாது. சத்திரியனில் நூற்றில் ஒரு பங்கு சூத்திரன். சரி, பார்ப்பனனைக் கொன்றால்? அதற்குப் பசுக்கணக்கு கிடையாது. அந்த உயிர் விலைக்கு அப்பாற்பட்டது. அதோடு நின்றதா? காக்கை, ஓணான், மயில், தவளை, கீரி, நாய் ஆகியவற்றைக் கொன்றவனும் சூத்திரனைக் கொன்றவனுக்குரிய அதே பரிகாரத்தைச் செய்யவேண்டும் என்று அந்நூல் அடுத்த பகுதியிலேயே கூறுகிறது. மனுவும் இதே பாட்டைத்தான் பாடுகிறார். தவளையோடு நம்மைத் தராசில் வைத்தவர்கள், கெண்ட் நாட்டானைப் பார்த்து நகைக்கலாமா?

தமிழகத்தையும் விட்டுவைப்பதற்கில்லை. வேட்டையில் விலங்கென்று எண்ணி அம்பெய்து மனிதனைக் கொன்றவர்களைப் பற்றிய சோழர் காலத்துக் கல்வெட்டுகள் பல உள்ளன. ஊரார் கூடுவர், அறியாமல் நிகழ்ந்தது என்று காண்பர், கொன்றவன் சாகவேண்டியதில்லை என்று முடிவு செய்வர். அவ்வளவும் நன்று, அறியாப் பிழைக்கு உயிரைப் பறிக்காத அந்தப் பண்பை நாம் பாராட்டவே செய்வோம். ஆயின், அடுத்த வரி என்ன? கொன்றவன் கோயிலில் நந்தாவிளக்கு எரிக்க ஆடுகள் கொடுக்கவேண்டும். விளக்கொன்றுக்கு 96 ஆடுகள் என்பது கல்வெட்டுகளில் பெருவழக்காகக் காணப்படும் கணக்கு. 'சாவா மூவாப் பேராடு' என்று அவற்றுக்குப் பெயர்; சாகாத, மூப்படையாத ஆடுகளாம்! செத்தவன் மனிதன். சாகாதது ஆடு. கல்லில் நிற்பது கோயிலுக்குப் போன ஆட்டின் கணக்கு. இழந்தவள் ஒருத்தி, வாங்கியவர் வேறொருவர். இந்த வேற்றுமையை நினைவில் வைத்துக்கொள்ளுமாறு வேண்டுகிறோம். உடன்பாடு என்ற சொல் எங்கே வந்தாலும், யாருக்கும் யாருக்கும் உடன்பாடு என்று கேட்டுப் பார்ப்பதுதான் இந்தக் கட்டுரையின் வேலை.

குற்றம் என்பது இருவருக்கிடையேயான கடன்பாக்கி அன்று, ஊருக்கே இழைக்கப்பட்ட தீங்கு என்ற எண்ணம் மெல்லமெல்லத்தான் பிறந்தது. இங்கிலாந்தில் 2-ஆம் ஹென்றி 1166-இல் பிறப்பித்த கிளாரண்டன் ஆணை, கொலைகாரரையும் கொள்ளையரையும் ஊராரே அரசனின் நீதிபதிகள் முன் காட்டிக்கொடுக்கவேண்டும் என்றது. அரசனின் அருள் உள்ளம் மட்டுமே அதற்குக் காரணம் என்று யாரும் உருகவேண்டாம். குற்றவாளியின் உடைமைகள் பறிமுதலாகி அரண்மனைக் கருவூலத்துக்கு வந்தன என்பதையும் சேர்த்தே படிக்கவேண்டும். எப்படியாயினும், பெருங்குற்றத்தைக் காசு வாங்கிக்கொண்டு மறைப்பதே தனியொரு குற்றம் என்று அந்நாட்டுச் சட்டம் வளர்ந்தது. திருடனிடமிருந்து பொருளைத் திரும்பப் பெற்றுக்கொண்டு அவனை விட்டுவிடுபவனும் குற்றவாளியே.

வங்காளத்தில் நடந்தது இதனினும் சுவையானது. கிழக்கிந்தியக் கம்பெனி 1772-இல் நிருவாகத்தைத் திருத்தியபோது, குற்றவியலில் இசுலாமியச் சட்டத்தையே தொடரவிட்டது. அச்சட்டப்படி, கொலையுண்டவனின் வாரிசுகள் முன்னே மூன்று வழிகள் இருந்தன: உயிருக்கு உயிர் கேட்கலாம், அதுதான் கிஸாஸ். ஈட்டுத்தொகை பெறலாம், அதுதான் தியத். அல்லது மன்னித்துவிடலாம். பழிக்குப் பழி என்று தலைமுறை தலைமுறையாக வெட்டிக்கொண்டு சாகும் கூட்டங்களுக்கிடையே, மன்னிப்புக்கு மதிப்புத் தந்த முறை அது என்பதை மறுப்பதற்கில்லை. ஆனால் கொன்றவன் நிலக்கிழார், செத்தவன் அவன் நிலத்தில் உழைத்தவன் என்றால், அந்த மன்னிப்பு எங்கிருந்து வரும்? நெஞ்சிலிருந்தா, அச்சத்திலிருந்தா? காரன்வாலிசு 1790 டிசம்பரில் கொண்டுவந்த ஒழுங்குமுறைகள், கொலை வழக்கில் வாரிசுகள் மன்னித்துத் தண்டனையைத் தடுக்கும் உரிமையை நீக்கின. 1797-இல், ஈட்டுத்தொகை விதிக்கப்படவேண்டிய இடங்களில் சிறைத்தண்டனை புகுத்தப்பட்டது.

இதைக் கண்டு கம்பெனியாருக்கு மாலை சூட்டவும் நாம் தயாரில்லை. தூக்குக்கயிறு யார் கையில் இருக்கவேண்டும் என்பதே அவர்களுடைய முதற்கவலை. அதே கம்பெனிதான் 1795-இல், காசிப் பகுதிப் பார்ப்பனர்களுக்குத் தூக்குத்தண்டனை கிடையாது என்று விலக்களித்தது! 1817-இல்தான் அந்தச் சலுகை ஒழிந்தது. வாரிசுகளின் மன்னிப்பு செல்லாது என்றவர்கள், வருணத்தின் சலுகை செல்லும் என்று 22 ஆண்டுகள் ஏற்றுக்கொண்டிருந்தார்கள்.

1860-இல் இந்திய தண்டனைச் சட்டம் வந்தது. குற்றவாளியைக் காப்பாற்றக் கையூட்டுப் பெறுவதை 213-ஆம் பிரிவும், கொடுப்பதை 214-ஆம் பிரிவும் குற்றமாக்கின. 1872-இன் ஒப்பந்தச் சட்டம் 23-ஆம் பிரிவில் ஓர் எடுத்துக்காட்டே தருகிறது: கொள்ளையடித்ததாக ஒருவன்மீது வழக்குத் தொடுத்தவன் அதைக் கைவிடுவதாக வாக்களிக்கிறான்; எதிரி, எடுத்த பொருளின் மதிப்பைத் தருவதாக வாக்களிக்கிறான். அந்த ஒப்பந்தம் செல்லாது; ஏனெனில் அதன் நோக்கமே சட்டத்துக்குப் புறம்பானது. சட்டக் கல்லூரியின் முதலாண்டு மாணவனும் இதை மனப்பாடமாய் ஒப்பிப்பான்.

எனினும், எல்லாச் சண்டையையும் கடைசிவரை நடத்தித்தான் தீரவேண்டும் என்றால் நாடு தாங்குமா? வரப்புத் தகராறில் ஒரு தள்ளு, குழாயடியில் ஒரு வசைமொழி, திண்ணைப் பேச்சில் ஓர் அவதூறு. இவற்றுக்காக இரு குடும்பங்கள் பத்தாண்டு நீதிமன்றப் படியேறி, நகையை விற்று, நாளை இழந்து நலியவேண்டுமா? ஆகவே 1898-இன் குற்றவியல் நடைமுறைச் சட்டம் 345-ஆம் பிரிவில் ஒரு பட்டியல் வகுத்தது. 1973-இன் சட்டத்தில் அது 320-ஆம் பிரிவாயிற்று. 2024 சூலை 1 முதல் நடப்பிலுள்ள பாரதீய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவில் 359-ஆம் பிரிவு. (பெயரை வாய் வலிக்காமல் உச்சரிக்கத் தமிழன் தனிப் பயிற்சி பெறவேண்டும் போலும்.) சிறு காயம், அத்துமீறி நுழைதல், அவதூறு போன்றவற்றைப் பாதிக்கப்பட்டவரே இராசி செய்துகொள்ளலாம். ஏமாற்று, கொடுங்காயம் போன்றவற்றை நீதிமன்றத்தின் அனுமதியோடு இராசி செய்யலாம். மதவுணர்வைச் சொல்லால் புண்படுத்தும் 298-ஆம் பிரிவுக் குற்றமும் இராசிப் பட்டியலில்தான் இருந்தது. புண்பட்டவரே மனம் ஆறி வழக்கை முடித்துக்கொள்ளலாம். பகுத்தறிவு பேசி வழக்கு வாங்கும் நம் தோழர்கள் அறிந்துவைக்கத்தக்க செய்தி!

கொலை அந்தப் பட்டியலில் இல்லை. வன்புணர்ச்சி இல்லை. கொலைமுயற்சி இல்லை. மனைவியைக் கொடுமைப்படுத்தும் 498-அ பிரிவு இல்லை. பட்டியலுக்கு அப்பால் எந்தக் குற்றத்தையும் இராசி செய்யமுடியாது என்று 320-ஆம் பிரிவின் 9-ஆம் உட்பிரிவு கதவைச் சாத்தித் தாழும் போட்டது.

தாழ் போட்ட கதவுக்குப் பக்கத்தில் ஒரு சன்னல் இருந்தது. 1923-இல் பழைய சட்டத்தில் 561-அ என்று ஒரு பிரிவு சேர்க்கப்பட்டது. நீதியின் நோக்கம் நிறைவேறவும், நீதிமன்ற நடைமுறை தவறாகப் பயன்படுத்தப்படாதிருக்கவும் தேவையான ஆணைகளைப் பிறப்பிக்க உயர்நீதிமன்றத்துக்கு இயல்பாகவே உள்ள அதிகாரத்தை எதுவும் கட்டுப்படுத்தாது என்பது அதன் சாரம். 1973-இல் அது 482-ஆம் பிரிவு, இப்போது 528. பொய்வழக்கில் சிக்கிய அப்பாவியை மீட்பதற்கு இது அருமையான கருவி என்பதில் ஐயமில்லை. ஆனால் பொய் என்பதற்காக அன்றி, இரு தரப்பும் பேசி முடித்துவிட்டார்கள் என்பதற்காகவே வழக்கை இரத்து செய்ய இது பயன்படலாமா? அங்கேதான் சிக்கல் பிறந்தது.

அந்தச் சிக்கலின் கோர முகத்தை நாடு முதலில் கண்டது போபாலில்.

1984 டிசம்பர் 2-ஆம் நாள் இரவு. யூனியன் கார்பைடு ஆலையிலிருந்து கசிந்த நச்சுக்காற்று உறங்கிக்கொண்டிருந்த ஏழைகளின் குடிசைகளுக்குள் புகுந்தது. விடிவதற்குள் தெருவெல்லாம் பிணம். ஆயிரக்கணக்கானோர் மாண்டனர், இலட்சக்கணக்கானோர் கண்ணும் நுரையீரலும் கெட்டு நடைப்பிணமாயினர். கார்பைடு நிறுவனத்தின் தலைவர் வாரன் ஆண்டர்சன் டிசம்பர் 7 அன்று போபாலில் கைது செய்யப்பட்டார். அன்றே பிணையில் விடப்பட்டார். அரசு விமானத்திலேயே தில்லிக்கு அனுப்பப்பட்டு நாட்டைவிட்டுப் பறந்தார். 2014-இல் சாகும்வரை அவர் இங்கே விசாரணைக்குத் திரும்பவேயில்லை. சிறகுள்ளவை எல்லாம் பறக்கும். பணத்துக்கும் சிறகுண்டு போலும்!

1985-இல் நாடாளுமன்றம் ஒரு சட்டம் இயற்றிற்று: பாதிக்கப்பட்ட அனைவருக்காகவும் மத்திய அரசே வழக்காடும். எளியவரால் பன்னாட்டு நிறுவனத்தோடு மல்லுக்கட்ட முடியாது என்ற காரணம் பொருத்தமாகவே பட்டது. அரசு 300 கோடி டாலருக்கு மேல் கேட்டது. நான்காண்டுகள் கழிந்தன. 1989 பிப்ரவரி 14 அன்று, உச்சநீதிமன்றத்தின் முன்னிலையில் திடீரென்று ஓர் உடன்பாடு: 47 கோடி டாலர். அதன்பின், மே மாதத்தில் நீதிமன்றம் தந்த விளக்கத்தில், ஏறத்தாழ 3,000 சாவுகள் என்ற கணக்கின்மேல் அந்தத் தொகை போடப்பட்டது தெரியவந்தது. உயிருக்கு ஓர் இலட்சம் முதல் மூன்று இலட்சம் ரூபாய் வரை. ஈத்தல்பெர்ட் மன்னன் கெண்ட் நாட்டுக் கல்லறையில் புரண்டு படுத்திருப்பான்!

தொகை குறைவு என்பது ஒரு குறை. அதைவிடப் பெரிய குறை அந்த ஆணையின் இன்னொரு வரியில் இருந்தது. நிவாரண வழக்குகள் மட்டுமல்ல, அந்தப் பேரழிவு தொடர்பான குற்றவழக்குகள் அனைத்தும், எங்கு நிலுவையில் இருந்தாலும், இரத்து! பணம் ஒரு கை மாறிற்று, குற்றம் காற்றில் கரைந்தது. 1872-இன் ஒப்பந்தச் சட்டம் கொள்ளைக்காரனுக்கு மறுத்ததை, ஆயிரம் ஆயிரம் உயிர்களைக் குடித்த நிறுவனத்துக்கு உயர்ந்த மன்றமே வழங்கிற்று.

இங்கே இரு தரப்பார் யார்? ஒருபுறம் கார்பைடு. மறுபுறம் இந்திய அரசு. பிள்ளையைப் பறிகொடுத்த தாய் எங்கே? பார்வை இழந்த கூலித் தொழிலாளி எங்கே? அவர்களை ஒரு வார்த்தை கேட்டார்களா? கேட்கவில்லை. அவர்கள் செய்தித்தாளில் படித்தறிந்தார்கள். படிக்கத் தெரியாதவர்கள் படித்தவர் சொல்லக் கேட்டறிந்தார்கள். சோழர் காலத்து நந்தாவிளக்கு மறுபடியும் எரிந்தது! இழந்தவர் ஒருவர், உடன்பட்டவர் வேறொருவர். போபால் பெண்கள் சும்மா இருக்கவில்லை. தில்லிக்குத் திரண்டு சென்றார்கள், தெருவில் நின்றார்கள், மறுஆய்வு கேட்டு நீதிமன்றக் கதவைத் தட்டினார்கள். சிலம்பைக் கையிலேந்திப் பாண்டியன் அவைக்குள் நுழைந்த கண்ணகி, "என் கணவன் தலைக்கு எத்தனைப் பொன் தருவாய்?" என்றா கேட்டாள்? இல்லை, தவறு நிகழ்ந்தது என்று அரசனே ஒப்பவேண்டும் என்றாள். போபால் பெண்கள் கேட்டதும் அதுவே. பணத்தோடு நியாயமும் வேண்டும் என்றார்கள்.

1991 அக்டோபர் 3 அன்று உச்சநீதிமன்றம் மறுஆய்வில் தீர்ப்புரைத்தது. 47 கோடி டாலர் உடன்பாடு நிலைத்தது. ஆனால் குற்றவழக்குகளை இரத்து செய்தது நியாயப்படாது என்று அந்தப் பகுதியை நீக்கிற்று. வழக்குகள் மீண்டும் உயிர்பெற்றன. அதன்பின் நடந்ததைச் சுருங்கச் சொல்லிவிடுவோம். விரித்தால் வேதனைதான் மிஞ்சும். பத்தாண்டுவரை தண்டனை தரக்கூடிய குற்றச்சாட்டை 1996-இல் உச்சநீதிமன்றம் 304-அ பிரிவுக்குக் குறைத்தது. கவனக்குறைவால் சாவு விளைவித்தல், மிஞ்சிப்போனால் இரண்டாண்டு. 2010 சூன் 7 அன்று, 25 ஆண்டுகளுக்குப் பிறகு, போபால் நீதிமன்றம் உயிரோடிருந்த ஏழு இந்திய அதிகாரிகளுக்கு இரண்டாண்டுச் சிறை விதித்தது. அன்றே பிணையும் கிடைத்தது. கூடுதல் இழப்பீடு கோரி அரசு போட்ட கடைசி மனு 2023 மார்ச்சில் தள்ளுபடியாயிற்று.

போபாலைக் கண்ட பிறகும் சன்னல் சாத்தப்படவில்லை, அகலமாயிற்று. 2003-இல், பி.எஸ். ஜோஷி வழக்கில், பிரிந்த கணவன் மனைவி பேசித் தீர்த்துக்கொண்டபின் 498-அ வழக்கை இழுத்துக்கொண்டிருப்பது பயனற்றது என்று உச்சநீதிமன்றம் இரத்து செய்தது. மணமுறிவும் சீர்ப்பொருள் திருப்பமும் முடிந்து, புதுவாழ்வு தொடங்க நினைக்கும் பெண்ணைச் சாட்சிக்கூண்டுக்கு இழுப்பது அவளுக்கே தண்டனை என்ற வாதத்தில் பொருள் இருக்கிறது, நாம் மறுக்கவில்லை. 2008-இல் வங்கிக் கடன் மோசடி வழக்கொன்று வந்தது. வங்கிக்குப் பணம் திரும்பிவிட்டது என்று அதுவும் முடித்துவைக்கப்பட்டது. 2010-இல் உச்சநீதிமன்றத்தின் இரு நீதிபதிகளுக்கே ஐயம் எழுந்தது: பட்டியலில் இல்லாத குற்றத்தை இராசி செய்யக்கூடாது என்று சட்டம் நேரே தடுத்திருப்பதை, இரத்து என்ற பெயரால் சுற்றுவழியில் செய்வது தகுமா? கேள்வி பெரிய அமர்வுக்குப் போயிற்று.

2012 செப்டம்பர் 24 அன்று, கியான் சிங் வழக்கில், மூன்று நீதிபதிகள் விடை தந்தனர். இராசி வேறு, இரத்து வேறு. இராசி செய்வது தரப்பினர். இரத்து செய்வது உயர்நீதிமன்றம், நீதியின் நோக்கத்தை எண்ணிப் பார்த்து. கொலை, வன்புணர்ச்சி, கொள்ளை போன்ற கொடுங்குற்றங்களை உடன்பாட்டைக் காட்டி இரத்து செய்யக்கூடாது. அவை சமுதாயத்துக்கு எதிரானவை. ஊழல் தடுப்புச் சட்டம் போன்ற தனிச்சட்டங்களின் கீழ், அரசு ஊழியர் புரிந்த குற்றங்களும் அவ்வாறே. வணிகம், பணம் கொடுக்கல் வாங்கல், கூட்டுத்தொழில், குடும்பத் தகராறு, வரதட்சிணை தொடர்பான மணவாழ்க்கைத் தகராறு என்று உரிமையியல் சாயல் மிகுந்தவற்றை இரத்து செய்யலாம். வரதட்சிணை அங்கே இடம்பெற்றதைக் கண்டு நம் புருவம் உயர்ந்தது. வரதட்சிணை கேட்டு வதைப்பது வெறும் குடும்பத் தகராறா? பெண்ணைப் பெற்றவனின் தோட்டத்தை விற்கவைக்கும் அந்தச் சமுதாயக் கொள்ளை, வங்கிக் கணக்கைப் போல் நேர்செய்யப்படும் ஒன்றா?

நடைமுறை எப்படி என்பதையும் சொல்லவேண்டும். இரு தரப்பும் சேர்ந்து மனுவும் உறுதிமொழிப் பத்திரமும் தாக்கல் செய்கின்றன. பாதிக்கப்பட்டவர் நீதிபதி முன் நிற்கிறார், அடையாளம் பார்க்கப்படுகிறது. "யாருடைய வற்புறுத்தலும் இன்றி, மனமொப்பித்தான் கையெழுத்திட்டீரா?" என்று கேள்வி. "ஆம்" என்று விடை. ஆணை பிறக்கிறது. அந்த 'ஆம்' ஊரில் எந்தத் தோப்பில், யார் கட்டிய பஞ்சாயத்தில், எந்த வேலை பறிபோகும் என்ற அச்சத்தில், எந்தக் கிணற்றில் தண்ணீர் மறுக்கப்படும் என்ற மிரட்டலில் உருவானது என்பது நீதிபதியின் மேசைக்கு எட்டுமா? கைகோத்து நில்லுங்கள் என்று வகுப்பில் இரு சிறுவரின் சண்டையை நாமும் தீர்த்துவைக்கிறோம். இருவரும் ஒரே உயரம், ஒரே பெஞ்சு என்பதால் அது நிலைக்கிறது. ஒருவன் பண்ணையார் மகனாகவும் மற்றவன் அப்பண்ணையில் ஆடு மேய்ப்பவன் மகனாகவும் இருந்தால், கைகோப்பின் பொருள் வேறாகிவிடுகிறது.

ஆதலால்தான் தாழ்த்தப்பட்டோர் மீதான வன்கொடுமைத் தடுப்புச் சட்டம், 1989 குறித்து நமக்குப் பெருங்கவலை. 2021 அக்டோபரில் இராம்அவதார் வழக்கில், அச்சட்ட வழக்கையும் உடன்பாட்டின்பேரில் இரத்து செய்யலாம் என்று உச்சநீதிமன்றம் கூறிற்று. மத்தியப் பிரதேசத்தில் 1994-இல் அண்டைவீட்டாரிடையே நிலத் தகராறு, அதில் செங்கல் வீச்சு, சாதியைச் சொல்லி வசை, நிகழ்ந்தது இதுவே. குற்றம் சாதியின் காரணமாக நிகழ்ந்ததன்று, தன்மையில் தனிப்பட்ட தகராறே என்றால் இரத்து செய்யலாம். ஆனால் அச்சுறுத்தி வாங்கிய உடன்பாடா என்று மற்ற வழக்குகளைவிடக் கூர்ந்து பார்க்கவேண்டும் என்று எச்சரிக்கையும் சேர்த்தது. எச்சரிக்கை நல்லதுதான். நிலத் தகராறில் ஏன் சாதிப் பெயர் வாயில் வந்தது என்று கேட்கத் தோன்றுகிறது. தகராறு நிலத்தைப் பற்றியது; வசை நிலத்தில் விளைந்ததன்று!

விலை பேசும் வழியை முழுதாகத் திறந்துவிட்டால் என்ன ஆகும் என்பதற்கு அண்டை நாடே சான்று. பாகிசுதானில் 1990-இல் கிஸாஸ், தியத் முறையை அவசரச் சட்டமாக மீட்டுக் கொண்டுவந்தார்கள். 1997-இல் அது நிலையான சட்டமாயிற்று. காரன்வாலிசு நீக்கியது 200 ஆண்டு கழித்துத் திரும்பி வந்தது. 2011 சனவரியில் லாகூரில் இருவரைச் சுட்டுக்கொன்ற அமெரிக்க உளவுத்துறை ஒப்பந்தக்காரர் ரேமண்ட் டேவிசு, வாரிசுகளுக்கு 20 இலட்சம் டாலருக்கு மேல் கொடுக்கப்பட்டதும் மார்ச்சிலேயே விடுதலையாகிப் பறந்தார். மானம் காப்பதாகச் சொல்லி மகளை அண்ணன் கொன்றால், கொன்றவனின் பெற்றோரே செத்தவளின் வாரிசுகள்! கொலையும் மன்னிப்பும் ஒரே வீட்டுக்குள் முடிந்துவிடுகின்றன. 2016 சூலையில் சமூக ஊடகங்களில் புகழ்பெற்ற கந்தீல் பலோச்சு தம் உடன்பிறந்தானாலேயே கொல்லப்பட்டபின் எழுந்த கொந்தளிப்பால், அவ்வாண்டு அக்டோபரில் சட்டம் திருத்தப்பட்டது: குடும்பம் மன்னித்தாலும் ஆயுள்தண்டனை உண்டு என்று. ஆயினும், 2019-இல் ஆயுள்தண்டனை பெற்ற அந்தச் சகோதரன், தாய் மன்னித்த நிலையில், 2022 பிப்ரவரியில் விடுவிக்கப்பட்டான்.

நம் ஊர் மட்டும் என்ன வாழ்கிறது? 2015 சூன் மாதம், சிறுமி ஒருத்தியைக் கெடுத்துத் தண்டனை பெற்றவனுக்குச் சென்னை உயர்நீதிமன்ற நீதிபதி ஒருவர் இடைக்காலப் பிணை தந்து, அவளோடு பேசித் தீர்த்துக்கொள்ளச் சமரச மையத்துக்கு அனுப்பினார். அவள் மறுத்தாள்! பேச எதுவும் இல்லை என்றாள். யாருடைய ஆதரவும் அற்ற அந்தப் பெண்ணின் மறுப்பு, சட்டப் புத்தகங்கள் பலவற்றைவிடத் தெளிவானது. அடுத்த மாதத் தொடக்கத்தில், மத்தியப் பிரதேச வழக்கொன்றில் உச்சநீதிமன்றம், வன்புணர்ச்சி வழக்கில் எந்தச் சூழ்நிலையிலும் சமரசம் என்ற எண்ணத்துக்கே இடமில்லை என்று தீர்ப்புரைத்தது. சில நாள்களில் சென்னை ஆணையும் திரும்பப் பெறப்பட்டது.

இறுதியாக ஒரு வழக்கு. நாம் ஆசிரியத் தொழிலில் இருப்பதால் இதைப் படித்தபோது உடல் கூசியது என்று மட்டும் சொல்லிக்கொள்கிறோம். இராசசுதானில் 2022 சனவரியில், பள்ளி மாணவி ஒருத்தியிடம் ஆசிரியர் ஒருவர் வகுப்பறையிலேயே தகாத முறையில் நடந்துகொண்டதாகத் தந்தை புகார் கொடுத்தார். குழந்தைகளைப் பாலியல் குற்றங்களிலிருந்து காக்கும் சட்டத்திலும், வன்கொடுமைத் தடுப்புச் சட்டத்திலும் வழக்குப் பதிவாயிற்று. சில நாள்களே கழிந்தன. ஐந்நூறோ ஐயாயிரமோ என்று நாம் ஊகிக்க விரும்பவில்லை. ஒரு முத்திரைத்தாள் எழுதப்பட்டது, தவறான புரிதலால் புகார் கொடுத்துவிட்டேன் என்று. பிப்ரவரியில் உயர்நீதிமன்றம் வழக்கை இரத்து செய்தது. தந்தை அமைதியானார். அரசும் மேல்முறையீடு செய்யவில்லை. குற்றஞ்சாட்டப்பட்டவர் ஒரு தரப்பு, புகார் கொடுத்தவர் மறு தரப்பு; இருவரும் உடன்பட்டுவிட்டார்கள்; கதை முடிந்தது.

முடியவில்லை. அவ்வூரார் சிலர், அந்த மாணவிக்கு உறவும் அல்லாதவர்கள், வழக்கின் தரப்பினரும் அல்லாதவர்கள், தில்லிக்குச் சென்று உச்சநீதிமன்றத்தில் மனுப் போட்டார்கள். எதிர்த்தரப்பு கேட்டது: நீங்கள் யார்? இந்த வழக்கில் உங்களுக்கு என்ன? தொழில்நுணுக்கப்படி நியாயமான கேள்விதான். 2024 நவம்பர் 7 அன்று உச்சநீதிமன்றம் விடை சொன்னது: இத்தகைய வழக்கில் அவர்கள் மனுவைக் கேட்கலாம். பள்ளிக்குள் ஆசிரியர் மாணவிக்கு இழைத்ததாகச் சொல்லப்படும் இக்குற்றம் இருவருக்கிடையேயான தனிப்பட்ட விவகாரமன்று, சமுதாயத்துக்கு எதிரானது, தந்தையின் கையெழுத்தால் அது அழியாது. உயர்நீதிமன்ற ஆணை நீக்கப்பட்டது. இரண்டரை ஆண்டுக்கு மேலாக இறந்துகிடந்த முதல் தகவல் அறிக்கை உயிர்பெற்றது. சட்டப்படி மேல்நடவடிக்கை தொடர ஆணையாயிற்று.